செத்ததாகச் சொல்ல ஓர் ஆள்

மில் கேட்டில் நின்ற வாட்ச்மேன் அவளிடம் கேட்டது ஒரே கேள்விதான். "நல்ல காரியமா, கெட்ட காரியமா?"

வேடசந்தூர்ப் பக்கம் இருக்கிற அந்த நூல் மில்லின் ஹாஸ்டலிலிருந்து ஒரு பெண்பிள்ளையை இடையில் வெளியே கூட்டிவர இந்த இரண்டு வழிதான். கல்யாணம் என்றால் அச்சடித்த பத்திரிகை கொண்டுவர வேண்டும். சாவு என்றால் பத்திரிகை வேண்டாம், ஆனால் மில்லிலிருந்து ஓர் ஆள் கூடவே வருவார், சாவு நிஜம்தானா என்று பார்க்க. பிள்ளைக்கு உடம்பு சரியில்லையாம், ஒரு எட்டு பார்க்கணும், பெத்தவ வந்திருக்கேன் என்பதெல்லாம் அந்தக் கேட்டில் காரியமே இல்லை. அவள் பஸ் ஏறித் திரும்பி வந்துவிட்டாள்.

அவள் எனக்குப் பக்கத்து வீடு. அவள் புருஷன் என்னை அண்ணே என்பான். அந்த முறையில் அவள் மாமா என்பாள், மகள் பெரியப்பா என்பாள். ஆத்தூர்ப் பக்கம் எங்கள் ஊர். நான் குட்டி யானை வண்டி ஓட்டுகிறேன். விடிகிற நேரத்தில் தக்காளியும் கத்தரியும் அவரையும் ஏற்றிக்கொண்டு திண்டுக்கல் மார்க்கெட்டுக்குப் போவதும், காலி வண்டியோடு திரும்புவதும்தான் பிழைப்பு. எட்டாவதுக்கு மேல் பள்ளிக்கூடம் போகவில்லை. மற்றதெல்லாம் பழைய பேப்பரிலும் மனிதர்கள் வாயிலும் படித்தது. யார் எதைச் சொன்னாலும் எனக்கு ஒட்டிக்கொள்ளும். விலை விழுந்த ஒருநாள் தோட்டக்காரர் ஒருவர், "இன்னைக்குத் தக்காளி என்னையப் பாத்துச் சிரிச்சிருச்சுப்பா" என்றார். ஊர் வந்து சேரும்வரை அதையே சொல்லிச் சொல்லிச் சிரித்துக்கொண்டு வந்தேன். வாட்ச்மேன் சொன்னதும் அப்படித்தான் ஒட்டியது. ஆனால் அதைச் சொல்லிச் சிரிக்க முடியவில்லை.

அந்தப் பிள்ளை மில்லுக்குப் போனது அப்பன் தென்னையிலிருந்து விழுந்து இடுப்பொடிந்து கட்டிலோடு கிடந்த வருஷம். பத்தாவது முடித்திருந்தாள். எங்கள் ஊரிலேயே ஒரு தரகர் இருக்கிறார். பெண் கேட்டு வருகிறவர் மாதிரி பழமும் பூவும் தட்டில் வைத்துக்கொண்டு வந்தார். மூன்று வருஷம் தங்கி வேலை பார்த்தால் கடைசியில் மொத்தமாக ஒரு தொகை, கல்யாணத்துக்கு ஆகும், சாப்பாடு தங்கல் எல்லாம் உள்ளேயே என்றார். மில் வேன் வாசலுக்கே வந்து ஏற்றிக்கொண்டு போனது. எங்கள் பக்கத்துக்கு அது புதிதில்லை. எந்த வீட்டிலும் வயசுக்கு வந்த பிள்ளை சும்மா இருந்தால், "மில்லுக்கு அனுப்பலையா?" என்றுதான் கேட்பார்கள், பள்ளிக்கூடத்தைப் பற்றிக் கேட்பதுபோல.

ஞாயிற்றுக்கிழமை போன் வரும். வார்டனின் போன். ஸ்பீக்கரில் போட்டுப் பேச வேண்டும். "நல்லா இருக்கேம்மா" என்பாள். அதுக்குமேல் என்ன கேட்டாலும் "ம்" தான்.

அதே மில்லில் வேலை பார்த்த பக்கத்து ஊர்ப் பிள்ளை ஒருத்தி மெஷினில் கையைக் கொடுத்துவிட்டு, கட்டோடு வீட்டுக்கு அனுப்பப்பட்டாள். அவள்தான் வந்து சொன்னாள். "உங்க பிள்ள நடக்கும்போதே தூங்குது அத்தை. ஒரு ஷிப்ட் முடிச்சுட்டு வந்து படுத்தா, எழுப்பி அடுத்த ஷிப்ட்டுக்கு விடுறாங்க. காய்ச்சல்னு சொன்னாலும் மாத்திரையக் குடுத்துட்டு நிக்கச் சொல்றாங்க. வீட்டுக்குப் போறேன்னு அழுதுச்சு. மூணு வருசம் முடியாம எங்கயும் போகக்கூடாதுன்னுட்டாங்க." அதற்குப் பிறகு எங்களைப் பார்த்து, "இன்னும் ஒண்ணு இருக்கு, ஆம்பளைக முன்னாடி சொல்ல மாட்டேன்" என்று பிள்ளையின் அம்மாவை அடுப்படிக்குக் கூட்டிப்போனாள். அங்கே என்ன சொன்னாள் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. வெளியே வந்தவள் அழவில்லை. "பிள்ளையக் கூட்டிட்டு வரணும்" என்றாள். அவ்வளவுதான். மறுநாள் மில் கேட்டுக்குப் போய்த் திரும்பி வந்தாள்.

அன்று சாயங்காலம் அவர்கள் வீட்டில் கூடினோம். கட்டிலில் புருஷன், சுவரோரம் அவள், அவளுடைய தம்பி, புருஷனுடைய அக்கா, அப்புறம் நான். கல்யாணம் என்று சொல்லிப் பத்திரிகை அடித்தால் நாளைக்குப் பிள்ளையின் பேர் கெடும் என்று அதை விட்டுவிட்டோம். நான்தான், "பஸ் ஸ்டாண்டுச் சுவத்துல எழுதிப் போட்டிருக்கான், பிள்ளைகளுக்குக் கஷ்டம்னா கூப்புடுங்கன்னு ஒரு நம்பர். சின்ன நம்பர்தான்" என்று ஆரம்பித்தேன்.

புருஷனின் அக்காக்காரி விடவில்லை. "ஆபீசரு, போலீசுன்னு வாசல்ல வண்டி வந்து நின்னா எவன்டா நாளைக்குப் பொண்ணு கேட்டு வருவான்? மில்லுல ஏதோ ஆகிப்போச்சுன்னுதான ஊரு பேசும்?"

"அதுவும் சரிதான்" என்று நான் அடங்கிவிட்டேன். ஒரு வார்த்தைகூட எதிர்த்துப் பேசவில்லை.

ஆக, சாவுதான். யார் சாவது?

"தாத்தாவச் சொல்லிருவோம், அவரு செத்து வருசம் ஆச்சே, அவருக்கு என்ன வந்துச்சு" என்றான் தம்பி.

"அவரு நிசமாச் செத்தப்பவே விடலையேடா" என்றாள் அவள். "தாத்தாவுக்கெல்லாம் லீவு கெடையாது, அப்பா, அம்மா, கூடப்பொறந்தது, தாய்மாமன் இம்புட்டுத்தான்னு சொன்னாங்கள்ல."

தாய்மாமன் என்றதும் எல்லோரும் தம்பியைப் பார்த்தோம். அவன் துண்டை உதறித் தோளில் போட்டான். "என்னையப் பாக்காதீங்க. எனக்கு இப்பத்தான் ஏழரை முடிஞ்சு மூச்சு விடுறேன். ஏன், நம்ம மச்சானச் சொல்லுங்களேன். அவருதான் ஊர்ல இல்லையே, பெரியப்பான்னாலும் அப்பா மாதிரித்தான்னு சொல்லிப் பாப்போம்." மச்சான் என்றது கட்டிலில் கிடந்தவனுடைய அக்கா புருஷனை; பிள்ளைக்கு அவர் மாமா முறை.

"ஏலே! என் தாலி உனக்கு வெளையாட்டாப் போச்சா? முறையவும் மாத்திச் சொல்லி ஆளையும் சாகடிக்கிற!"

கட்டிலில் கிடந்தவன் மெதுவாக, "என்னையவே சொல்லுங்கப்பா. பாதி செத்துத்தான கெடக்கேன்" என்றான். அக்கா ஓடிப்போய் அவன் வாயைப் பொத்தினாள். "வாயக் கழுவுடா மொதல்ல!"

சுவரோரம் இருந்தவள் என்னைப் பார்த்தாள். ஒன்றும் கேட்கவில்லை, பார்த்தாள். நான் சொன்னேன்: "நான் வண்டி ஓட்டணும்லம்மா. செத்தவனே வண்டி எடுத்துட்டு வந்து நின்னா நல்லாவா இருக்கும்?"

எல்லோரும் சிரித்துவிட்டார்கள். எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது, இவ்வளவு இக்கட்டிலும் சிரிக்க வைத்துவிட்டோமே என்று. இப்போது அந்தச் சிரிப்பை நினைத்தால் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம்போல இருக்கிறது. வேடசந்தூரில் அந்த நேரம் அந்தப் பிள்ளை எந்த ஷிப்ட்டில் நின்றுகொண்டிருந்தாளோ.

"அப்ப நான் செத்தேன்னு சொல்லுங்க" என்றாள் அவள்.

'சீச்சீ, என்ன பேச்சு இது' என்று ஒருத்தராவது சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. ஆம்பளை ஆயுசுக்கும் தாலிக்கும் அம்புட்டுப் பதறின வீடு, அவள் ஆயுசுக்கு ஒரு 'ச்சு'கூடக் கொட்டவில்லை. எல்லோருக்கும் பாரம் இறங்கினமாதிரி இருந்தது. அக்கா மட்டும், "சுமங்கலியாப் போறதுக்கும் குடுத்து வைக்கணும்" என்றாள், நிஜமாகவே போகிறவளுக்குச் சொல்வதுபோல. நான், "சரிம்மா" என்றேன்.

மறுநாள் காலையில் போன் செய்தோம். புருஷன் நம்பரைப் போட்டான், ரிங் போனதும் என்னிடம் நீட்டினான். போனை நான் வாங்கினேன். பேச்சு எனக்குக் கைவந்ததாயிற்றே. "தண்ணி பாய்ச்சப் போன எடத்துல பூச்சி தொட்டிருச்சும்மா. திண்டுக்கல் பெரியாசுபத்திரிக்குக் கொண்டு போறதுக்குள்ள போயிருச்சு" என்றேன். பாம்புக்கடி என்பது நான் ராத்திரியே யோசித்து வைத்தது. பாம்பு கடித்துச் செத்தால் உடம்பை அறுத்துப் பார்த்துத்தான் தருவார்கள். ஆகவே வீட்டில் பந்தல் வேண்டாம், ஊருக்குத் தெரிய வேண்டாம், மில் ஆளை மார்ச்சுவரி வாசலோடு அனுப்பிவிடலாம். எங்கேயும் ஓட்டை இல்லை என்று நினைத்தேன்.

அவள் என் எதிரே உட்கார்ந்து, மகள் வந்தால் வெஞ்சனம் வைக்க அவரைக்காய்க்கு நார் உரித்துக்கொண்டிருந்தாள். தன் சாவைக் கேட்டுக்கொண்டே உரித்தாள்.

போனில் வார்டன் யாரையோ கூப்பிடுவது கேட்டது. பிறகு அந்தச் சத்தம் வந்தது. அது 'அம்மா' என்றுகூட இல்லை. வெறும் சத்தம். எதிரே இருந்தவள் மடியிலிருந்த காயெல்லாம் சிதற எழுந்து வாயைத் திறந்தாள். நான் சட்டென்று போனைப் பொத்தினேன்.

அப்போதுதான் எங்கள் எல்லோருக்குமே உறைத்தது. வார்டன் நம்புவாளா, வாட்ச்மேன் நம்புவானா, கூட வருகிறவன் நம்புவானா என்று ஒவ்வொருத்தராக யோசித்திருந்தோம். பிள்ளை நம்பிவிடுவாள் என்பதை ஒருத்தரும் யோசிக்கவில்லை.

நான் வண்டியை எடுத்துக்கொண்டு போனேன். கேட்டில் அவளைக் கொண்டுவந்து விட்டார்கள். ஒரு பை. முகம் வீங்கியிருந்தது. போனபோது இருந்த பிள்ளையில் பாதிதான் இருந்தாள், தலைமுடியில் பஞ்சு ஒட்டியிருந்தது. மில் ஆள் பைக்கில் பின்னால் வந்தான். அவள் முன்சீட்டில் என் பக்கத்தில் உட்கார்ந்தாள். வண்டிக்குள் நாங்கள் இரண்டு பேர்தான். கதவுக் கண்ணாடியை ஏற்றியாகிவிட்டது. சொல்லியிருக்கலாம்.

சொல்லவில்லை. கண்ணாடியில் அந்த பைக் தெரிந்துகொண்டே வந்தது. சொன்னால் இவள் முகம் மாறிவிடும், அவன் முந்திவந்து எட்டிப் பார்த்தால் தெரிந்துவிடும், திருப்பிக் கூட்டிப்போய்விடுவான். இந்த அழுகை நிற்கக்கூடாது. அப்படித்தான் கணக்குப் போட்டேன். அந்தக் கணக்கு தப்பு என்று இன்றைக்கும் என்னால் அடித்துச் சொல்ல முடியவில்லை. ஆனால் அதைப் போட்டவன் நான்.

"பெரியப்பா, போன வாரம் போன்ல நான் அம்மாவ ஏசிட்டேன்" என்றாள்.

"பேசாம வாம்மா."

"நீதான என்னைய வித்தன்னு சொல்லிட்டேன். வார்டன் அக்கா முன்னாடியே சொல்லிட்டேன். அம்மா ஒண்ணுமே பேசல. நெசமா பூச்சிதான் தொட்டுச்சா பெரியப்பா? இல்ல அதுவா ஏதாச்சும் பண்ணிக்கிருச்சா?"

"பூச்சிதாம்மா" என்றேன்.

"சத்தியமா?"

ரோட்டைப் பார்த்துக்கொண்டு, "சத்தியமா" என்றேன்.

வழியில் அவளுக்கு வாந்தி வந்தது. வண்டியை ஓரங்கட்டினேன். மில் ஆள் இறங்கிவந்து கடையில் தண்ணீர் பாட்டிலும் சோடாவும் வாங்கி அவள் கையில் கொடுத்தான். "குடிம்மா. அழுதா அடங்காதுதான். எனக்கும் அம்மா போயி இன்னும் வருசம் திரும்பல" என்றான். அவன் கண்ணும் கலங்கியிருந்தது. நான் அந்த ஆளை ராட்சசனாக நினைத்து வண்டி ஓட்டிவந்திருந்தேன். பிள்ளைக்கு ஆறுதல் சொன்னது அவன். உண்மையை வாய்க்குள் வைத்துக்கொண்டு நின்றது நான்.

பெரியாசுபத்திரி மார்ச்சுவரி வாசலில் அன்றைக்கும் கூட்டம்தான். ஒரு வேப்பமரத்தடியில் நிஜமாகவே யாரையோ பறிகொடுத்த குடும்பம் தரையில் உட்கார்ந்திருந்தது. அவர்கள் பக்கத்தில் போய் நிற்கவே எனக்குக் கூசியது. மில் ஆள் மில்லுக்குப் போன் போட்டு, "ஆமா சார், மார்ச்சுவரிதான், குடுக்க சாயங்காலம் ஆகுமாம்" என்றான். பிறகு செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, அந்தக் கதவைப் பார்த்துக் கும்பிட்டான். "பதினாறு முடிச்சுட்டு வாம்மா, தைரியமா இரு" என்று சொல்லிவிட்டுக் கிளம்பினான்.

அவன் பைக் கேட்டைத் தாண்டுகிறவரை நான் பார்த்துக்கொண்டு நின்றேன். அதற்குள் அவள் கதவுக்கு ஓடிவிட்டாள். அங்கே இருந்த ஊழியரிடம் அம்மா பேரும் ஊர்ப் பேரும் சொல்லி, "பாக்கணும்ணே, ஒரு தடவ பாத்துக்கிறேன்" என்று கெஞ்சிக்கொண்டிருந்தாள். அவர் உள்ளே போய் வந்து, "அப்படி யாரும் இங்க வரலையேம்மா" என்றார்.

அவள் திரும்பி என்னைப் பார்த்தாள்.

"அம்மா உசுரோட இருக்கும்மா. வீட்டுல இருக்கு. உன்னைய வெளிய கொண்டாரத்தான் அப்படிச் சொன்னோம்" என்றேன். அவள் அசையவில்லை. போனைப் போட்டு அவள் காதில் வைத்தேன். அந்தப் பக்கத்திலிருந்து, "வந்துட்டியாடி? சாப்டியாடி?" என்று கேட்பது எனக்கே கேட்டது. அவள் கேட்டுக்கொண்டே நின்றாள். அந்தக் குரல் அழ ஆரம்பித்ததும் போனை என்னிடம் நீட்டினாள்.

"எப்ப இருந்து உங்களுக்குத் தெரியும்?"

"நேத்து சாயங்காலத்துல இருந்தேம்மா."

"வண்டியில நான் கேட்டப்பயுமா?"

தலையை மட்டும் ஆட்டினேன். வேப்பமரத்தடியில் இருந்தவர்கள் எங்களையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். செத்ததாகச் சொன்னவள் பிழைத்த சேதி அவர்கள் காதில் விழும்படி சொல்லிவிட்டேனே என்று அதற்கு ஒரு வெட்கம்.

திரும்பும்போது அவள் முன்சீட்டுக்கு வரவில்லை. பின்னால் காலிக் கூடைகளோடு உட்கார்ந்துகொண்டாள். அம்மா ரோட்டுக்கே ஓடிவந்து கட்டிக்கொண்டபோது அவள் கை இரண்டும் தொங்கியபடி இருந்தன. பிறகு ஒரு கையைத் தூக்கி அம்மாவின் முகத்தைத் தடவினாள், முழங்கையைத் தடவினாள், சேலையை மோந்து பார்த்தாள். அதற்கப்புறம்தான் அழுதாள்.

வீட்டில் ஒரே கலகலப்பு. பிள்ளை வந்துவிட்டாள், எல்லாம் நினைத்தபடி நடந்தது. அக்கா மிளகாயும் உப்பும் சுற்றிப்போட்டாள், பிள்ளைக்கு மட்டுமல்ல, செத்துப் பிழைத்தவளுக்கும். "இப்படிச் சொன்னா ஆயுசு கெட்டிடி உனக்கு. நாங்கெல்லாம் போயிருவோம், நீ இருப்ப" என்றாள். முந்தின நாள் ஒருத்தருக்கும் இந்த ஞாபகம் வரவில்லை. தம்பி, "அக்கா, பதினாறுக்கு எத்தன எலை போடணும், சொல்லிரு" என்றான். சிரித்தோம்.

தட்டில் கையை வைத்தபடி பிள்ளை கேட்டாள்: "என் ரூம்ல இருக்குற பிள்ளைகளுக்கு யாரு சாவா?"

அம்மா அவள் தட்டில் இன்னொரு கரண்டி வெஞ்சனம் வைத்தாள்.

"எல்லாம் வீட்டுக்குப் போகணும்னுதான் அழுகுதுக. அதுல ரெண்டு பேருக்கு அம்மாவே கெடையாது. அவங்களுக்கு யாரச் சொல்லுவாங்க?"

அக்கா, "வந்த வரைக்கும் போதும், நீ சாப்புடு தாயி, ஊருக் கவலை நமக்கெதுக்கு" என்றாள். நான் தொண்டையைச் செருமிக்கொண்டு, சுவரில் பார்த்த அந்த நம்பரைப் பற்றி மறுபடி எடுத்தேன். போனையும் எடுத்தேன். அப்போது அவள் கையைக் கழுவிக்கொண்டு வந்து என் கையிலிருந்த போனை வாங்கினாள்.

"நீங்க பேசாதீங்க பெரியப்பா. நான் பேசிக்கிறேன்."

கோபமாகச் சொல்லவில்லை. அடுப்பில் கை வைக்கப்போகிற பிள்ளையைத் தடுப்பதுபோலச் சாதாரணமாகச் சொன்னாள். கட்டிலில் அப்பன் தலையைத் திருப்பி, "பேசுத்தா" என்றான். அம்மா அவள் பக்கத்தில் போய் நின்றுகொண்டாள். அவள் பேசினாள். இல்லாதது ஒன்றையும் சேர்க்கவில்லை, இருந்ததில் ஒன்றையும் விடவில்லை. அந்தப் பிள்ளைகளின் பேரையும் ஊரையும் ஒவ்வொன்றாகச் சொன்னாள். நான் தினமும் காய் ஏற்றப் போகிற ஊர்கள். சில அப்பன்மாரை எனக்குத் தெரியும், அவர்களோடு டீ குடித்திருக்கிறேன்.

மறுநாள் அந்த நம்பர் ஆபீசிலிருந்து ஓர் அம்மாவும் ஒரு சாரும் சாதாரணக் காரில் வந்தார்கள். அக்கா பயந்தமாதிரி வாசலில் போலீஸ் வண்டி வந்து நிற்கவில்லை. அந்தம்மா எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "முதல்லயே எங்களைக் கூப்பிட்டிருக்கலாமே, எதுக்கு இந்தப் பாடு?" என்றார். திட்டிக் கேட்கவில்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்துக்கொண்டோம். ஊர் என்ன சொல்லும் என்று பயந்தோம் என்று நான்தான் சொன்னேன். அவர், "ஊரா?" என்று கேட்டுவிட்டு எழுதிக்கொண்டார்.

எல்லாப் பிள்ளைகளும் வந்துவிட்டார்கள் என்று எழுத ஆசைதான். வயசு குறைந்த பிள்ளைகளை உடனே வெளியே கொண்டுவந்தார்கள். சிலர் வார்டன் முன்னால் ஒரு குறையும் இல்லை என்று சொல்லி உள்ளேயே இருந்துவிட்டார்கள். அம்மா இல்லாத இரண்டு பேரில் ஒருத்தி இப்போது விடுதியில் தங்கிப் படிக்கிறாள், இன்னொருத்தியைச் சித்தப்பா கூட்டிப்போனார், அதற்குப் பிறகு தகவல் இல்லை. தண்ணீர் வாங்கிக் கொடுத்த அந்த மில் ஆளை வேலையை விட்டு நிறுத்திவிட்டதாகக் கேள்விப்பட்டேன். தேடிப்போய் ஒரு வார்த்தை சொல்லவேண்டும் என்று நினைக்கிறேன். என்ன வார்த்தை என்றுதான் தெரியவில்லை. மார்க்கெட்டில் ஓர் அப்பன் என்னை மறித்து, "உன்னாலதான் என் மகளுக்கு வரவேண்டியது வராமப் போச்சு" என்று கத்தினார். வழக்கமாக எதற்கும் பதில் வைத்திருக்கிறவன், நின்று கேட்டுக்கொண்டேன்.

பிள்ளை பதினொன்றாவது சேர்ந்திருக்கிறாள். கூடப் படிக்கிறவர்களைவிட வயசு கூட என்று முதலில் கூச்சப்பட்டாள், இப்போது இல்லை. அம்மாவிடம் சண்டையும் போடுகிறாள், ஒட்டிக்கொண்டும் திரிகிறாள். என்னையும் பெரியப்பா என்றுதான் கூப்பிடுகிறாள். எங்கள் வீட்டில் குழம்பு வைத்தால் கிண்ணத்தோடு வருகிறாள். முகத்தில் கோபம் எதையும் நான் பார்த்ததில்லை.

ஆனால் நான் எது சொன்னாலும் சரி பார்த்துக்கொள்கிறாள். பஸ் போய்விட்டது என்றால் ரோடு வரை போய்ப் பார்த்துவிட்டு வருகிறாள். போன வாரம் வண்டியைக் கழுவிக்கொண்டிருந்தவன், "மழை வருதும்மா, கொடியில துணி கெடக்கு பாரு" என்று குரல் கொடுத்தேன். அவள் வெளியே வந்தாள். முற்றத்தில் நின்று, தலையைத் தூக்கி, மேற்கே மலைப்பக்கம் வானத்தை ஒரு தடவை நன்றாகப் பார்த்தாள். அதற்குப் பிறகுதான் துணியை எடுத்தாள்.